சிங்கப்பூர் சாங்கி கடற்கரை: டிசம்பரில் வற்றிய கடல் ஜூனில் வற்றவில்லை, எங்கே தப்பு?

தெம்பனீஸ் அப்பா:
வணக்கம். போன டிசம்பர் பள்ளி விடுமுறையில், பௌர்ணமிக்கு மறுநாள் மாலை மகளைச் சாங்கி கடற்கரைக்குக் கூட்டிப் போனேன். ஆறு மணி வாக்கில் கடல் எங்கேயோ பின்னால் போயிருந்தது. கடல்புல் ஈரத்தோடு படுத்துக் கிடந்தது. மணல் முழுக்கக் குட்டி நண்டுகள் உருட்டிப் போட்ட மிளகு அளவு உருண்டைகள். அவளுக்கு வீட்டுக்கு வரவே மனசில்லை.

இந்த ஜூன் விடுமுறையிலும் அதே திட்டம். பௌர்ணமிக்கு மறுநாள், அதே இடம், அதே ஆறு மணி. கைப்பேசிச் செயலியில் "இறக்கம் மாலை 5.40" என்று பார்த்துவிட்டுத்தான் கிளம்பினேன். போனால், கடல்புல் இருந்த இடத்தில் முழங்காலுக்கு மேல் தண்ணீர்! செயலி தப்பா, நான் தப்பா?

இன்னொன்று. "நிலா இழுத்தால் கடல் நாளைக்கு ஒரு தடவைதானே ஏறணும், ஏன் ரெண்டு தடவை?" என்று மகள் கேட்டாள். முழித்தேன்.

பூன் லே பையன்:
வேறு செயலி போட்டுப் பாருங்கள் அண்ணே. சிலது பக்கத்து நாட்டுத் துறைமுகக் கணக்கைக் காட்டும்.

தூண்டில்காரன்:
செயலி மேல் பழி போட வேண்டாம். நேரம் பார்த்தீர்கள் சரி, பக்கத்தில் ஒரு எண் இருக்குமே, உயரம், அதைப் பார்த்தீர்களா? அன்று விடிகாலை இறக்கத்துக்கு என்ன போட்டிருக்கிறது என்றும் சொல்லுங்கள்.

தெம்பனீஸ் அப்பா:
இப்போதுதான் பார்க்கிறேன். மாலை 5.40க்கு 1.2 மீட்டர். விடிகாலை 5.10க்கு 0.2 மீட்டர். அடடா.

தூண்டில்காரன்:
அவ்வளவுதான் விஷயம். அந்த எண் சராசரிக் கடல்மட்டத்திலிருந்து அளந்தது இல்லை. கடல் வரைபடத்தில் ஆழம் குறிக்க வைத்திருக்கும் அடிமட்டத்திலிருந்து, அதாவது கடல் அநேகமாக அதற்குக் கீழே இறங்காத மட்டத்திலிருந்து, அளப்பது. நம் ஊரில் சராசரி மட்டமே அதற்கு மேல் சுமார் 1.6 மீட்டர். ஆக 1.2 என்றால் பேருக்குத்தான் இறக்கம். மணல்திட்டு பார்க்க வேண்டுமென்றால் 0.5க்குக் கீழே உள்ள நாளைத் தேடுங்கள். நான் மீன்பிடிக்கப் போகும்போது நேரத்துக்கு முன்னால் உயரத்தைத்தான் பார்ப்பேன்.

தெம்பனீஸ் அப்பா:
புரிந்தது, நன்றி. ஆனால் டிசம்பரில் மாலை இறக்கம் ஆழமாக இருந்ததே? அதுவும் பௌர்ணமி, இதுவும் பௌர்ணமி. நிலா ஆள் பார்த்தா வேலை செய்கிறது?

பழைய மாலுமி:
தம்பி, இது நல்ல கேள்வி. கொஞ்சம் நீட்டித்தான் சொல்ல வேண்டும்.

சிங்கப்பூர் இரண்டு கடலுக்கு நடுவில் மாட்டிக்கொண்ட ஊர். மேற்கே மலாக்கா நீரிணை வழியாக வரும் இந்தியப் பெருங்கடல் ஓதம் (கடல் ஏறி இறங்குவதைத்தான் ஓதம் என்கிறோம்), நாளைக்கு இரண்டு தடவை ஏறி இறங்கும் வகை. கிழக்கே தென்சீனக் கடலில், பல இடங்களில் நாளைக்கு ஒரே தடவை ஏறி இறங்கும் ஓதத்தின் கைதான் ஓங்கியிருக்கும். இரண்டும் நம் வாசலில் வந்து கலக்கின்றன. அதனால் இங்கே இரண்டு ஏற்றம், இரண்டு இறக்கம் உண்டு, ஆனால் ஒன்று ஆழமாகவும் ஒன்று அரைகுறையாகவும் இருக்கும். நாளைக்கு ஒரே தடவை வரும் அந்த ஓதம் எந்த இறக்கத்தோடு சேர்கிறதோ அது ஆழமாகிவிடும்.

சரி, அது ஏன் டிசம்பரில் மாலையோடும் ஜூனில் விடிகாலையோடும் சேர்கிறது? நிலாவும் சூரியனும் நிலநடுக்கோட்டை விட்டு வடக்கிலோ தெற்கிலோ விலகி நிற்பதால்தான் நாளைக்கு ஒரே தடவை வரும் இந்த ஓதமே பிறக்கிறது. அதன் முக்கியமான ஒரு பகுதி நம் கைக்கடிகாரப்படி ஓடாது. நட்சத்திர நாள்படி ஓடும், அதாவது 23 மணி 56 நிமிடம். தினம் 4 நிமிடம் முந்துகிறது. மாதத்துக்கு 2 மணி நேரம், ஆறு மாதத்தில் 12 மணி நேரம்.

மகளுக்குச் சொல்ல ஒரு வழி இருக்கிறது. கார்த்திகை நட்சத்திரக் கூட்டத்தைக் காட்டுங்கள். டிசம்பரில் பொழுது சாயும்போதே கிழக்கில் ஏறி நிற்கும். ஜூன் கடைசியில் விடிவதற்குச் சற்று முன்புதான் எழும். நம் கடலின் ஆழமான இறக்கமும் அதே கணக்கில்தான் மாலையிலிருந்து விடிகாலைக்கு நகர்கிறது. மார்ச், செப்டம்பர் பௌர்ணமிகளில் விலகல் குறைவு என்பதால் இரண்டு இறக்கத்துக்கும் உள்ள வித்தியாசமும் சுருங்கிவிடும்.

அறிவியல் டீச்சர்:
மாலுமி ஐயா சொன்னது அருமை. நான் அந்தப் பிள்ளையின் கேள்விக்கு வருகிறேன்.

நிலா தண்ணீரை மட்டும் இழுக்கவில்லை, பூமியையும் சேர்த்துத்தான் இழுக்கிறது. நிலாப் பக்கத் தண்ணீர் அருகில் இருப்பதால் இழுப்பு அதிகம். பூமியின் நடுவுக்கு அதைவிடக் குறைவு. மறுபக்கத் தண்ணீருக்கு இன்னும் குறைவு. தைப்பூசத்தன்று சிராங்கூன் ரோட்டிலிருந்து டேங்க் ரோட்டுக்கு மூன்று பேர் சேர்ந்து கிளம்புகிறார்கள் என்று வையுங்கள். முன்னால் போகிறவருக்கு வேகமான நடை, நடுவில் இருப்பவருக்குச் சுமாரான நடை, பின்னால் வருபவர் மெதுவாக நடக்கிறார். மூவரும் ஒரே திசையில்தான் போகிறார்கள். ஆனால் நடுவில் இருப்பவர் பார்த்தால் முன்னாலும் இடைவெளி, பின்னாலும் இடைவெளி. அந்த நடு ஆள்தான் பூமி. இரண்டு பக்கமும் தண்ணீர் மேடிட்டதுபோல் ஆகிறது. நாம் பூமியோடு சுழன்று இரண்டையும் கடக்கிறோம். அதற்குள் நிலாவும் கொஞ்சம் நகர்ந்துவிடுவதால் ஒரு சுற்றுக்கு 24 மணி 50 நிமிடம் ஆகிறது. ஏற்றம் தினம் கிட்டத்தட்ட 50 நிமிடம் தள்ளிப்போவது இதனால்தான்.

இன்னொரு தப்பெண்ணம்: நிலா தண்ணீரை வாளியில் மொள்வதுபோல் தூக்குவதில்லை. அந்த விசை பூமியின் ஈர்ப்பில் கோடியில் ஒரு பங்குதான். அது தண்ணீரைப் பக்கவாட்டில் தள்ளிச் சேர்க்கிறது. சூரியனும் செய்யும், ஆனால் தூரம் அதிகம் என்பதால் நிலாவின் பாதிகூட வராது. அமாவாசை, பௌர்ணமியில் இரண்டும் ஒரே வரிசையில் நின்று சேர்ந்து இழுக்கும். அஷ்டமி வாக்கில் ஒன்றை ஒன்று குறைத்துவிடும்.

நாகப்பட்டினத்தான்:
எங்கள் ஊர்க் கடலில் இத்தனை ஏற்றஇறக்கம் நான் பார்த்ததில்லையே அக்கா. நிலா ஒன்றுதானே?

அறிவியல் டீச்சர்:
நிலா ஒன்றுதான், பாத்திரம் வேறு. நாகையில் ஒரு மீட்டருக்குள் அடங்கும். இங்கே அமாவாசை, பௌர்ணமியை ஒட்டிய பெரிய நாட்களில் 3 மீட்டர் தொடும். குஜராத்தின் காம்பே வளைகுடாவில் 10 மீட்டரைத் தாண்டும். கரையின் வடிவம், கடலின் ஆழம், வளைகுடாவின் நீளம் எல்லாம் சேர்ந்துதான் அளவைத் தீர்மானிக்கின்றன. நிலா உச்சியில் நிற்கும் நேரத்தில்தான் ஏற்றம் என்று எண்ணிப் போனாலும் பல ஊர்களில் ஏமாந்துபோவோம்.

பூன் லே பையன்:
மெரினா பேரேஜ் அணைகூட இதைப் பார்த்துத்தானே வேலை செய்கிறது? பெருமழை பெய்யும்போது கடல் இறங்கியிருந்தால் கதவைத் திறந்துவிடுகிறார்கள், ஏறியிருந்தால் பம்ப் போட்டு இறைக்கிறார்கள். பள்ளிச் சுற்றுலாவில் பார்த்தது, இன்றைக்குத்தான் உறைக்கிறது.

தூண்டில்காரன்:
அதேதான். அப்பா, விடிகாலை போவதாக இருந்தால் ஒன்று கவனியுங்கள். இறக்க நேரத்துக்கு ஒரு மணி நேரம் முன்பே போய்விடுங்கள், தண்ணீர் திரும்பியதும் கரைக்கு வந்துவிடுங்கள். முதல் மணியில் நோஞ்சானாக ஏறும். மூன்றாவது, நான்காவது மணியில் விறுவிறுவென்று ஏறும், பெரிய நாளில் மணிக்கு முக்கால் மீட்டர். பிள்ளையோடு போகிறீர்கள். மூடிய செருப்பு, ஆளுக்கொரு டார்ச்.

தெம்பனீஸ் அப்பா:
போய்விட்டு வந்தோம்! இந்த முறை அமாவாசை கழித்து இரண்டாம் நாள், அட்டவணையில் 0.1. நாலே காலுக்கு டாக்சி பிடித்தோம். எங்கே போகிறோம் என்று கேட்ட டாக்சி மாமா கடைசிவரை நம்பவில்லை. கும்மிருட்டு. டார்ச் வெளிச்சத்தில் தட்டு அளவு கடல் சாமந்தி (பூப்போல விரிந்திருக்கும் கடல் உயிரி) ஒன்று, மணலோடு மணலாக. பக்கத்தில் நட்சத்திர மீன். தொடக் கூடாது என்று நான்தான் சொன்னேன், நானே குனிந்துகொண்டு நின்றேன்.

வரும்போது புதுக் கேள்வி: "அப்போ பெடோக் நீர்த்தேக்கத்திலும் ஓதம் இருக்குமா?" டீச்சர், கொஞ்சம் காப்பாற்றுங்கள்.

அறிவியல் டீச்சர்:
இருக்கும். ஆனால் அந்தக் குளம் ஒரு கரையிலிருந்து மறுகரைக்கு ஒரு கிலோமீட்டர் சொச்சம்தான். அந்தத் தூரத்துக்குள் நிலாவின் இழுப்பில் வித்தியாசம் எங்கே வரப்போகிறது? ஏற்றம் ஒரு மில்லிமீட்டர்கூடத் தேறாது, வாத்து நீந்தினாலே அதைவிடப் பெரிய அலை வரும்.