அணைத் தாக்குதல் பற்றிய ஜானி ஜான்சனின் நினைவுகள்: எந்த அளவுக்குச் சான்றாகும்?

வினா

வணக்கம். இரண்டாம் உலகப் போரில் பிரிட்டிஷ் விமானப்படையின் 617ஆம் பிரிவில் குண்டு வீசுபவராகப் பணியாற்றிய ஜார்ஜ் ‘ஜானி’ ஜான்சன், தொண்ணூறு வயதைக் கடந்த பின்னும் பல தொலைக்காட்சி ஆவணப்படங்களில் தோன்றி, 1943 மே 16ஆம் நாள் இரவு ஜெர்மனியின் அணைகளைத் தாக்கியதை விவரித்திருக்கிறார். சோர்ப்பே அணைமீது பத்தாவது முறை பறந்தபோதுதான் குண்டை விடுவித்ததாக அவர் சொல்லும்போது மெய்சிலிர்க்கிறது. ஆயினும் எழுபது ஆண்டுகளுக்குப் பின் சொல்லப்படும் நினைவை வரலாற்றுச் சான்றாக ஏற்கலாமா?

மறுமொழி 1

விமானத்துக்குள் நடந்தவற்றுக்கு அவரைவிடச் சிறந்த சாட்சி இல்லை என்பேன். அன்றிரவு தாக்கப்பட்ட மோனே, ஏடர் அணைகள் கற்கட்டுமானங்கள். நீர்மேல் தத்திச் சென்று அணைச்சுவரை எட்டும் சுழல்குண்டு அவற்றுக்கென்றே உருவானது. சோர்ப்பேயோ நடுவில் கான்கிரீட் சுவர் வைத்த மண் அணை. ஆகவே அணையின் நீளவாக்கில் பறந்து, நான்கு டன்னுக்கும் மேற்பட்ட குண்டைச் சுழற்றாமல் அதன் நடுவில் போட வேண்டியிருந்தது. லாங்ஷைட் ஊரின் தேவாலயக் கோபுரத்தைத் தாண்டியதும் சரிவையொட்டித் தாழ்ந்து, எதிர்க்குன்றில் மோதுவதற்குள் மேலெழும்ப வேண்டும். விமானத்தின் முன்மூக்கில் குப்புறப் படுத்திருந்த ஜான்சன், உயரமோ திசையோ சற்றுப் பிசகினாலும் குண்டை விடாமல், விமானி ஜோ மெக்கார்த்தியை மீண்டும் சுற்றிவரச் செய்தார். உடனிருந்தோர் பொறுமையிழந்ததையும் அவர் மறைக்கவில்லை. படைப் பதிவேடுகளில் இதையெல்லாம் தேடிப் பயனில்லை.

மறுமொழி 2

முந்தைய மறுமொழியை ஏற்கிறேன். என் மனக்குறை ஆவணப்படங்களைத் தொகுப்பவர்கள்மீதுதான். அத்தனை பாடுபட்டும் சோர்ப்பே உடையவில்லை, அதன் மேல்விளிம்பு மட்டுமே சிதைந்தது என்பதைப் பல படங்கள் ஒரே வரியில் கடந்துவிடுகின்றன. திரும்பும் வழியில் மோனே அணைக்குக் கீழே நிலமெல்லாம் கடல்போல் நீர் பரந்திருந்ததைக் கண்டதாக ஜான்சன் கூறினார். அந்த வெள்ளத்தில்தான் நேஹைம் ஊரருகே முகாமில் அடைக்கப்பட்டிருந்த, சோவியத் நாட்டிலிருந்து கட்டாய உழைப்புக்காகக் கொண்டுவரப்பட்ட பெண்கள் நூற்றுக்கணக்கில் மாண்டார்கள். புறப்பட்ட 133 வீரர்களில் 53 பேர் இறந்ததைத் தவறாமல் சொல்லும் படம், அந்தப் பெண்களையும் அதே அக்கறையோடு சொல்ல வேண்டும். மேலிருந்து பார்த்தவரின் நினைவில் அவர்கள் இடம்பெற வழியில்லை. அந்தக் குறையை நிரப்பும் பொறுப்பு இயக்குநருடையது.

மறுமொழி 3

ஜான்சன் 2022 டிசம்பரில், 101ஆம் வயதில் காலமானார். அந்த 133 பேரில் கடைசியாக உயிரோடு இருந்தவர் அவரே. இனி எவரிடமும் நேரில் கேட்க முடியாது என்பதால், ஆவணப்படங்களுக்காக எடுத்து, வெட்டி ஒதுக்கிய நேர்காணல் பகுதிகளையும் தொலைக்காட்சி நிறுவனங்கள் முழுமையாக வெளியிட வேண்டும் என்று விரும்புகிறேன். லண்டனிலுள்ள இம்பீரியல் போர் அருங்காட்சியகம் போர்வீரர்கள் பலரின் நீண்ட ஒலிப்பதிவுகளை இணையத்தில் கேட்க வைத்திருக்கிறது. அவற்றில் வீரர்கள் தயங்குவதும், சொன்னதைத் தாமே திருத்திக்கொள்வதும் அப்படியே பதிவாகியுள்ளன. வினா எழுப்பியவர் அங்கிருந்து தொடங்கலாம்.