பின்னணியில் உழைப்பவர்களைப் பற்றிய ஆவணப்படங்கள் சொல்லுங்களேன்

வணக்கம். போன வாரம் '20 ஃபீட் ஃப்ரம் ஸ்டார்டம்' பார்த்தேன். மார்கன் நெவில் இயக்கி 2013-இல் வந்தது, ஆஸ்கரும் வாங்கியது. அமெரிக்க ராக், பாப் பாட்டுகளில் பின்குரல் கொடுத்தவர்களின் கதை. அவர்களில் ஒருவரான டார்லீன் லவ் பாடிய ஒரு பாட்டு 1962-இல் வேறொரு குழுவின் பெயரில் வெளியாகி முதலிடம் பிடித்தது. பின்னாளில் அவர் வீட்டு வேலைக்குப் போனார். ஒரு வீட்டில் குளியலறை கழுவிக்கொண்டிருக்கும்போது, தான் பாடிய கிறிஸ்துமஸ் பாட்டையே ரேடியோவில் கேட்டிருக்கிறார். அந்த இடத்தில் படத்தை நிறுத்திவிட்டுக் கொஞ்ச நேரம் அப்படியே உட்கார்ந்திருந்தேன்.

மோடவுன் என்ற அமெரிக்க இசைத்தட்டு நிறுவனத்தின் வாத்தியக்காரர்களைப் பற்றிய 'ஸ்டாண்டிங் இன் தி ஷேடோஸ் ஆஃப் மோடவுன்' பார்த்தாயிற்று. இதே மாதிரி ஸ்டண்ட் கலைஞர்கள், ஒலிப்பதிவாளர்கள், எடிட்டர்கள், உடை தைப்பவர்கள் பற்றி இருந்தால் சொல்லுங்கள். நட்சத்திரத்தைப் புகழ்வதற்கென்றே எடுத்தவை வேண்டாம். வேலை எப்படி நடக்கிறது, பணம் யார் கைக்குப் போகிறது என்று காட்டுபவைதான் வேண்டும்.

அப்புறம், அம்மாவும் கூட உட்கார்ந்து பார்ப்பார். வேகமான ஆங்கிலம் அவருக்குப் பிடிபடாது. தமிழ் சப்டைட்டிலோடு எந்த ஓடிடியில் கிடைக்கும் என்றும் சேர்த்து எழுதினால் பெரிய உதவியாக இருக்கும்.