தூர்தர்ஷனில் வந்த கிழ நரி

எண்பதுகளில் தூர்தர்ஷனில் ‘தி ஓல்டு ஃபாக்ஸ்’ பார்த்தவங்க யாராவது இருக்கீங்களா? ஜெர்மன் துப்பறியும் தொடர், ஆங்கில டப்பிங். வாய் ஒரு பக்கம் போகும், பேச்சு ஒரு பக்கம் போகும். எனக்கு அப்போ ஆங்கிலமே அரைகுறை. ஆனா அந்தக் கமிஷனர் முகத்தை வச்சே கதையைப் பிடிச்சிடுவேன். எதிராளி புளுகுறான்னு தெரிஞ்சும் தலையை ஆட்டிக் கேட்டுக்கிட்டிருப்பார் பாருங்க, அதுக்காகவே மாடி வீட்டு ஹாலில் போய் உட்காருவேன்.

நடிகர் பேர் ஸீக்ஃப்ரீட் லோவிட்ஸ்னு ரொம்பப் பின்னாடிதான் தெரிஞ்சது. மியூனிக் நாடக மேடையில் ஊறினவர். சினிமாவில் பெரும்பாலும் பக்க வேஷம்தான். 1959ல் ஆங்கிலத் துப்பறியும் எழுத்தாளர் எட்கார் வாலஸ் கதை ஒண்ணைப் படமாக்கினப்போ அதில் இன்ஸ்பெக்டர் எல்க். 1977ல் இந்தத் தொடர் (அங்கே பேரு ‘டெர் ஆல்ட்டே’) ஆரம்பிச்சப்போ அவருக்கு வயசு 62. வி.எஸ்.ராகவனை ஹீரோவாப் போட்டு வருஷக்கணக்கில் ஒரு தொடர் ஓட்டின மாதிரி! நம்ம ஆளுங்க செய்வாங்களா?

*

அண்ணா, நான் மியூனிக் பக்கம்தான் இருக்கேன். மெட்ராஸில் வெள்ளிக்கிழமைன்னா ஒளியும் ஒலியும். இங்கே வெள்ளிக்கிழமை ராத்திரி எட்டேகாலுக்கு இசட்.டி.எஃப். டிவி சேனலில் கொலை. ‘டெரிக்’ங்கிற இன்னொரு துப்பறியும் தொடரும் ‘டெர் ஆல்ட்டே’யும் அந்த நேரத்தை மாத்தி மாத்திப் பங்கு போட்டுக்கிட்டதாம். ரெண்டுக்கும் தயாரிப்பாளர் ஹெல்முட் ரிங்கெல்மன். லோவிட்ஸ் 100 எபிசோடு முடிச்சு 1986ல் விலகினார். அவர் பாத்திரத்தைச் சுட்டே கொன்னுட்டாங்க. அடுத்து வந்தவர் ரோல்ஃப் ஷிம்ப்ஃப். எங்க பக்கத்து வீட்டுப் பாட்டி அவரைக் கடைசி வரைக்கும் ஒத்துக்கலை, லோவிட்ஸ் போனதோட தொடரே முடிஞ்சதுன்னுட்டாங்க.

என் ஆள் வேற. உதவி அதிகாரி ஹைமனா வர்ற மிஷாயேல் ஆண்டே. 1966ல் ‘ட்ரெஷர் ஐலண்ட்’ கதையை டிவிக்கு எடுத்தப்போ அந்தப் பையன் ஜிம் இவர்தான். அப்படி நாயகனா வந்தவர் 1977லிருந்து 2016 வரை அதே உதவியாளர் வேஷத்தில் இருந்தார். மேலதிகாரிங்க மாறிக்கிட்டே இருந்தாங்க, இவர் நகரலை. சலிப்பில்லாம ஒரே கோட்டை மாட்டிக்கிட்டு நின்னாரே, அந்தப் பொறுமை லோவிட்ஸுக்குக்கூட இருந்திருக்காது.

*

சார்ல்ஸ் எம். ஹூபரை விட்டுட்டீங்களே தம்பி! லோவிட்ஸ் போன 1986லேயே உள்ளே வந்தவர். அப்பா செனகல், அம்மா ஜெர்மன். கறுப்பர் ஒருத்தர் வாராவாரம் போலீஸ் அதிகாரியா வந்தது அன்றைய ஜெர்மன் டிவிக்குப் பெரிய விஷயம். 1997 வரை நடிச்சார். அப்புறம் அரசியல், 2013ல் மெர்க்கெல் கட்சி சார்பில் நாடாளுமன்றத்துக்கே போயிட்டார்.

*

ஹூபர் வந்த எபிசோடு எதுவும் நான் பார்த்ததில்லை சார். லோவிட்ஸ் நடிச்சது அந்த ஆங்கில டப்பிங்கோட எங்கேயாவது கிடைக்குதா? ஜெர்மனில் கிடைச்சாலும் சரி, எப்படியும் முகத்தைப் பார்த்துத்தான் கதை கேக்கப் போறேன்.