லேசர்ல வெட்டின அக்ரிலிக் பாக்ஸ் லூஸா ஆடுது, ஒரு மூலையில மட்டும் வெட்டவே மாட்டேங்குது, உதவி ப்ளீஸ்

சென்சார்_பொட்டி:
வணக்கம் மக்களே. ஃபைனல் இயர் ப்ராஜெக்ட்டுக்கு சென்சார் போர்டு வைக்க ஒரு பாக்ஸ் பண்றோம், 160க்கு 110க்கு 70 எம்எம். யுனிவர்சிட்டி மேக்கர்ஸ்பேஸ்ல (ஸ்டூடன்ட்ஸ் பொதுவா யூஸ் பண்ற வொர்க்‌ஷாப்) இருக்கற 60 வாட் லேசர் கட்டர்ல 3 எம்எம் க்ளியர் அக்ரிலிக்ல வெட்டினோம். ட்ரெய்னிங் முடிச்சாச்சு, அதாவது ஆன்லைன் க்விஸ் எழுதி, அப்புறம் டெக்னீஷியன் பக்கத்துல நின்னு ஒரு கீசெயின் வெட்ட வெச்சு, கார்டுல ஆக்சஸ் போட்டுக் குடுத்தாரு. பவர், ஸ்பீடு ரெண்டும் செவுத்துல ஒட்டியிருக்கற சார்ட்படிதான்.

ப்ராப்ளம் என்னன்னா, ஃபிங்கர் ஜாயின்ட் (பல்லும் பள்ளமும் கோக்கற இணைப்பு) எல்லாம் லொடலொடன்னு ஆடுது, டேப் போட்டு ஒட்டினாதான் பாக்ஸ் நிக்குது. டிராயிங்ல பல்லு 10 எம்எம், பள்ளமும் 10 எம்எம், கணக்கு சரியாத்தான் இருக்கு. அடுத்து, பெட்டோட (மெஷின் உள்ள ஷீட் வைக்கற மேடை) முன்பக்கம் வலது மூலையில மட்டும் அடிவரைக்கும் வெட்ட மாட்டேங்குது, மத்த இடமெல்லாம் ஓகே. அதே கோட்டுல இன்னொரு தடவை ஓட்டினா விளிம்பு உருகி அசிங்கமா ஆயிடுது. ஃப்ரெண்டு பவரை 100ல வெச்சு ஓட்டிடுன்னு சொல்றான்.

க்ளியர் ஷீட்டும் தீந்து போச்சு. ஸ்க்ராப் ரேக்ல வெள்ளை கலர்ல ஒரு ஷீட் கெடக்குது, பாக்க அக்ரிலிக் மாதிரியேதான் இருக்கு, ஸ்டிக்கர் எதுவும் இல்ல. அதுல வெட்டலாமா? அடுத்த வாரம் ரிவ்யூ, என் பேர்ல ஸ்லாட் வேற கிடைக்கல, ஃப்ரெண்டோட கார்டுல போயிடலாமான்னு யோசிக்கறேன்.

ராத்திரி_சோல்டர்:
ஃபோகஸ், அதாவது லென்ஸுக்கும் ஷீட்டுக்கும் உள்ள உயரம், செட் பண்ணீங்களா? நடுவுல மட்டும் பண்ணா பத்தாது.

பழைய_இரும்பு:
மொதல்ல அந்த வெள்ளை ஷீட்டை கீழ வைங்க தம்பி, மத்ததெல்லாம் அப்புறம் பேசலாம். பாக்க அக்ரிலிக் மாதிரி இருக்கறது பிவிசியாவும் இருக்கலாம். பிவிசியில பாதிக்கு மேல எடை குளோரின்தான், லேசர் பட்டா ஹைட்ரஜன் குளோரைடு வாயுவா வெளிய வரும், ஈரம் பட்டதும் அது ஆசிட். உங்க நுரையீரலுக்கு என்ன ஆகும்னு ஒரு பக்கம், மெஷின் உள்ள ரெயில், பேரிங், லென்ஸ், கண்ணாடி எல்லாத்தையும் அரிச்சுடும். எக்ஸாஸ்ட் ஓடுதேன்னு நம்பாதீங்க, புகை வெளிய போற வழியிலதான் அந்த பார்ட்ஸ் எல்லாம் இருக்கு. பாலிகார்பனேட்டா இருந்தாலும் வேலைக்கு ஆகாது, விளிம்பு பழுப்பேறி கருகும், ஏபிஎஸ் உருகி ஒழுகும். லேபிள் இல்லாத பிளாஸ்டிக் லேசர் பெட் மேல ஏறக்கூடாது, அவ்ளோதான்.

சென்சார்_பொட்டி:
ஐயோ சரிண்ணா, தொடல. ஆனா அது என்னன்னு கண்டுபிடிக்க வழியே இல்லையா, நல்ல பெரிய ஷீட்டா இருக்கு, வீணா போகுதேன்னு இருக்கு.

பழைய_இரும்பு:
ஓரளவுக்கு இருக்கு. 100க்கு 100 எம்எம் துண்டு, 3 எம்எம் தடிமன், அப்போ 30 கன செமீ. அக்ரிலிக்னா 36 கிராம் பக்கத்துல நிக்கும், கெட்டி பிவிசின்னா 42 பக்கம் வரும். தடிமனை வெர்னியர்ல அளந்து கணக்கு போடணும், 3ன்னு சொன்னா 3 இருக்காது. ஆனா பாலிகார்பனேட்டும் அக்ரிலிக்கும் எடையில கிட்டத்தட்ட ஒண்ணுதான், ஃபோம் பிவிசி ரெண்டையும் விட லேசா இருக்கும். அதனால எடை 42 வந்தா வேண்டாம்னு முடிவு பண்ணலாம், 36 வந்தா வெட்டலாம்னு முடிவு பண்ண முடியாது. செம்புக்கம்பியை சூடு பண்ணி பிளாஸ்டிக்ல தொட்டு தீயில காட்டினா பச்சையா எரியுதான்னு பாக்கற டெஸ்ட் ஒண்ணு இருக்கு, பச்சைன்னா குளோரின் இருக்குன்னு சந்தேகம். அதெல்லாம் கெமிஸ்ட்ரி லேப்ல ஃப்யூம் ஹூடுக்குள்ள (புகையை இழுக்கற கூண்டு) ஆள் இருக்கும்போது பண்றது, மேக்கர்ஸ்பேஸ் டேபிள்ல லைட்டரை வெச்சுக்கிட்டு பண்றது இல்ல. டெக்னீஷியன்கிட்ட குடுத்துடுங்க.

கெர்ஃப்_பைத்தியம்:
எனக்குப் பிடிச்ச டாபிக் வந்துருச்சு 😄 ஜாயின்ட் லூஸ் ஆனதுக்கு காரணம் கெர்ஃப். லேசர் ஒரு கோட்டை வெட்டுதுன்னா அந்த கோடு அகலத்துக்கு மெட்டீரியல் ஆவியாயிடுது, அக்ரிலிக்ல பொதுவா 0.1ல இருந்து 0.3 எம்எம்க்குள்ள. நீங்க வரைஞ்ச கோடு அந்த அகலத்தோட நடுவுல போகுது. 0.2 கெர்ஃப்னு வெச்சுக்கோங்க, 10 எம்எம் பல்லு ரெண்டு பக்கமும் 0.1 இழந்து 9.8 ஆகும், 10 எம்எம் பள்ளம் ரெண்டு பக்கமும் 0.1 அகலமாகி 10.2 ஆகும், மொத்தம் 0.4 இடைவெளி, அப்புறம் ஆடாம என்ன பண்ணும். டிராயிங் சரி, ஆனா மெஷின் எடுத்துக்கற பங்கை டிராயிங்ல சேக்கல.

இன்டர்நெட்ல இருக்கற கெர்ஃப் நம்பரை எடுத்து போடாதீங்க, உங்க மெஷின்ல உங்க ஷீட்டுல அளங்க. 100 எம்எம் நீள செவ்வகம் வரைஞ்சு 10 எம்எம்க்கு ஒரு கோடு போட்டு பத்து துண்டா வெட்டுங்க, வெளி பார்டரும் அதே செட்டிங்ல வெட்டணும். பத்தையும் இடைவெளி இல்லாம ஒட்ட சேத்து வெர்னியர்ல மொத்த நீளம் பாருங்க, 100ல எவ்ளோ குறையுதோ அதை பத்தால வகுத்தா கெர்ஃப். அதுல பாதியை எடுத்து பல்லு இருக்கற வெளி அவுட்லைனை முழுசா வெளிப்பக்கம் ஆஃப்செட் பண்ணா (தள்ளி வரைஞ்சா) பல்லும் பள்ளமும் தன்னால சரியாயிடும். உள்ள இருக்கற ஸ்க்ரூ ஓட்டைக்கு உள்பக்கம் ஆஃப்செட். பாக்ஸ் ஜெனரேட்டர் (அளவு குடுத்தா டிராயிங் போட்டுத் தர சாஃப்ட்வேர்) யூஸ் பண்ணீங்கன்னா கெர்ஃப்னு ஒரு கட்டமே இருக்கும், சிலதுல முழு அளவு கேக்கும் சிலதுல பாதி கேக்கும், அதை படிச்சுட்டு போடுங்க.

இன்னொண்ணு, மரம்னா கொஞ்சம் டைட்டா வெச்சு தட்டி ஏத்தலாம், நார் அமுங்கும். அக்ரிலிக் அமுங்காது, டைட்டா வெச்சு அழுத்தினா மூலையில விரிசல் விட்டுடும். கையால தள்ளினா உள்ள போற அளவுல நிறுத்திக்கோங்க. பல்லோட நீளம் ஷீட் தடிமனுக்கு சமமா இருக்கணும், அதையும் அளந்து போடுங்க. 3 எம்எம்னு வித்த ஷீட் 2.8ம் இருக்கும் 3.2ம் இருக்கும், ஒரே ஷீட்டுல இந்த ஓரம் ஒண்ணு அந்த ஓரம் ஒண்ணு கூட பாத்திருக்கேன்.

டர்போ_மச்சி:
இவ்ளோ ஆராய்ச்சி எதுக்கு ப்ரோ, பவர் 100 போட்டு ஒரே ஓட்டு, வெட்டிட்டு போயிட்டே இருங்க, ஜாயின்ட்டுக்கு பசை இருக்கு.

ராத்திரி_சோல்டர்:
பவர் ஏத்தினா கெர்ஃபும் கூடும், இருக்கற லூஸ் இன்னும் லூஸ் ஆகும். லேசரை உண்டாக்கற கண்ணாடி ட்யூபை அதோட ரேட்டிங்கை ஒட்டியே ஓட்டினா ஆயுசும் சீக்கிரம் குறையும். வெட்டலைன்னா பவரைத் தொடாம ஸ்பீடை கொறைச்சு பாக்கலாம். ஆனா இங்க அதுவும் வேண்டாம், ஏன்னா மத்த மூணு மூலையும் அதே செட்டிங்ல வெட்டுதே. ஒரு மூலை மட்டும்னா செட்டிங் மேல சந்தேகப்படறதே தப்பான எடம்.

ரெண்டு விஷயம்தான் இருக்கும். ஒண்ணு, அந்த மூலையில ஷீட் உயரம் மாறியிருக்கு, பெட் சாஞ்சிருக்கலாம் இல்ல ஷீட்டே வளைஞ்சிருக்கலாம். சாதாரணமா போடற 2 இன்ச் லென்ஸ்ல உயரம் ரெண்டு எம்எம் தள்ளிப் போனாலே பீம் (லேசர் கதிர்) பரவ ஆரம்பிச்சுடும். இன்னொண்ணு, பீமைத் திருப்பி விடற கண்ணாடிகளோட அலைன்மென்ட். பெரும்பாலான மெஷின்ல ட்யூப் பின்னாடி இருக்கும், பீம் பின் இடது மூலை கண்ணாடியில பட்டு திரும்பி வரும், வெட்டற ஹெட் முன் வலது மூலைக்கு வரும்போது பீம் போற தூரம் ரொம்ப அதிகம், கண்ணாடி துளி விலகியிருந்தாலும் அங்கதான் மொதல்ல தெரியும். நீங்க சொல்ற மூலை கரெக்டா அதேதான், அதனால ரெண்டையும் பிரிச்சுப் பாக்கணும்.

ஹெட்டை நாலு மூலைக்கும் நகத்தி ஃபோகஸ் கேஜை (உயரம் பாக்கற அளவுக்கட்டை) வெச்சு ஹெட்டோட நுனியில இருக்கற நாசிலுக்கும் ஷீட்டுக்கும் நடுவுல உள்ள கேப் பாருங்க. கேப் மாறினா பெட் இல்லன்னா ஷீட். நாலும் ஒண்ணா இருந்தா கண்ணாடி, அதை நீங்க தொடாதீங்க, டெக்னீஷியன் வேலை. மூடி சாத்தியிருக்கற வரைக்கும்தான் அந்த மெஷின் கிளாஸ் 1 (பாதுகாப்பான லேசர் ரகம்), உள்ள இருக்கறது கிளாஸ் 4 (ரொம்ப ஆபத்தான ரகம்), 10.6 மைக்ரான் அகச்சிவப்பு, கண்ணுக்கே தெரியாது.

லேப்_வாலண்டியர்:
நான் எங்க யுனிவர்சிட்டி மேக்கர்ஸ்பேஸ்ல வாலண்டியர், கார்டு விஷயம் மட்டும் சொல்றேன். ஃப்ரெண்டு கார்டுல போகாதீங்க. ஆக்சஸ் மெஷினுக்கு மெஷின் தனித்தனியா குடுக்கறதே, யார் எதுல நின்னு பழகியிருக்காங்கன்னு தெரியறதுக்குத்தான், 3டி பிரின்டர் ட்ரெய்னிங் முடிச்சவருக்கு லேசர் ஆட்டோமேட்டிக்கா தொறக்காததும் அதனாலதான். ஏதாவது ஆச்சுன்னா லாக்ல அவர் பேர் இருக்கும், மெஷின் முன்னாடி நீங்க இருப்பீங்க, ரெண்டு பேர் ஆக்சஸும் போகும்.

அவரே லேசர் ட்ரெய்னிங் முடிச்சவர்னா அவர் ஸ்லாட்டுல அவர் நின்னு ஓட்டட்டும், நீங்க கூட இருங்க, அதுல தப்பே இல்ல. இல்லன்னா கேன்சல் ஆகற ஸ்லாட்டுக்கு சொல்லி வைங்க, ரிவ்யூ சீசன்ல புக் பண்ணிட்டு வராத ஆளுங்க நெறைய. உண்மைய சொல்லணும்னா ஸ்லாட் பத்தலைன்னு புலம்பறவங்கள்ல முக்கால்வாசி பேர் ஸ்லாட்டுல உக்காந்துதான் டிராயிங்கை சரி பண்ணிட்டு இருக்காங்க. ஃபைலை முன்னாடியே முடிச்சுட்டு வாங்க. ஒரே கோடு ரெண்டு தடவை ஒண்ணு மேல ஒண்ணு கெடக்குதான்னு பாருங்க, இருந்தா ரெண்டு தடவை வெட்டும், விளிம்பு உருகும். ஓட்டையெல்லாம் மொதல்ல, வெளி அவுட்லைன் கடைசியில, இல்லன்னா பீஸ் கழண்டு அசைஞ்ச பிறகு ஓட்டை இடம் மாறி விழும். டிராயிங் ஃபைல் டிஎக்ஸ்எஃப்ல யூனிட் இல்லாம சேவ் ஆகியிருந்தா இன்ச்சும் எம்எம்மும் மாறி 25.4 மடங்கு ஆகும், எஸ்விஜி ஃபைல்னா ஒரு இன்ச்சுக்கு 96 புள்ளியா 72 புள்ளியான்னு குழம்பி முக்காவாசி சைஸ்ல வரும். மெஷின்ல ஃபைலைத் தொறந்ததும் மொத்த அளவு என்ன காட்டுதுன்னு ஒரு பார்வை பாத்தா போதும். மொதல் ஓட்டம் அட்டையில ஓட்டுங்க, அதுக்கும் தனி செட்டிங் இருக்கும், கேட்டு வாங்குங்க.

ஆங், ஓடும்போது போனை நோண்டிக்கிட்டு தள்ளிப் போகாதீங்க. அக்ரிலிக் தீ பிடிச்சு எரியும். ஏர் அசிஸ்ட் (வெட்டற எடத்துல காத்து ஊதறது) ஆன்ல இருக்கான்னு ஸ்டார்ட் குடுக்கறதுக்கு முன்னாடியே பாருங்க.

சென்சார்_பொட்டி:
எல்லாருக்கும் பெரிய நன்றி. ஒரு கேன்சல் ஸ்லாட் கிடைச்சது, அப்டேட் சொல்றேன். ஆபீஸ்ல லேபிள் போட்ட காஸ்ட் (அச்சுல ஊத்தி செஞ்ச) அக்ரிலிக் ஷீட் வாங்கினேன். நாலு மூலையிலயும் கேஜ் வெச்சா முன் வலதுல மட்டும் கேப் நல்லா கம்மி, ஷீட் தூக்கிட்டு நிக்குது. டெக்னீஷியன் அண்ணா வந்து ஹனிகோம்பைத் (ஷீட்டைத் தாங்கற தேன்கூடு மாதிரி தட்டு) தூக்கிப் பாத்தாரு, அடியில யாரோ வெட்டின குட்டி குட்டி அக்ரிலிக் துண்டா சேந்து போய் ஹனிகோம்ப் அந்தப் பக்கம் ஒக்காரவே இல்ல. எடுத்துட்டு சரியா வெச்சதும் சார்ட்ல இருக்கற அதே செட்டிங்லயே சுத்தமா வெட்டுது. கண்ணாடியையும் செக் பண்ணாரு, அது ஓகேவாம்.

பத்து துண்டு டெஸ்ட்ல 98.1 வந்துச்சு, அப்போ கெர்ஃப் 0.19 தானே? ஷீட் தடிமன் 2.9 இருக்கு.

கெர்ஃப்_பைத்தியம்:
0.19தான். ஆஃப்செட் 0.095 போடுங்க. முழு பாக்ஸ் வெட்டாதீங்க, ரெண்டு பல்லு ரெண்டு பள்ளம் உள்ள சின்ன துண்டு வெட்டி கையில மாட்டிப் பாருங்க, டைட்டா தெரிஞ்சா 0.08க்கு எறக்குங்க.

சென்சார்_பொட்டி:
0.095ல மாட்டும்போது லேசா கிரீச்சுன்னு சத்தம் வந்துச்சு, 0.08ல சூப்பரா உக்காருது. பாக்ஸ் முழுசா வெட்டியாச்சு, டேப் இல்லாம நிக்குது!! ஒட்டறதுக்கு முன்னாடி விளிம்புல இருக்கற புகைக்கறையை ஐசோப்ரொப்பைல் ஆல்கஹால்ல தொடைச்சுடலாம்ல?

பழைய_இரும்பு:
வேண்டாம் வேண்டாம். லேசர் வெட்டின விளிம்பு உருகி டக்குனு ஆறினது, உள்ள இழுவிசை அப்படியே தங்கியிருக்கும். அதுல ஆல்கஹால் பட்டா மயிர்க்கோடு மாதிரி விரிசல் பரவிடும், சில சமயம் தொடைச்ச உடனே, சில சமயம் ஒரு நாள் கழிச்சு. சோப்புத்தண்ணி, மெத்துன்னு ஒரு துணி, போதும். அக்ரிலிக் ஒட்டற சால்வென்ட் பசைக்கும் இதே பிரச்சனை உண்டு. ஆவன்ல 80 டிகிரி பக்கம் வெச்சு மெதுவா ஆற விட்டா அந்த இழுவிசை கொறையும், உங்க லேப்ல அதுக்குன்னு ஆவன் இருந்தா கேளுங்க.

ராத்திரி_சோல்டர்:
நான் கேட்டா ஒட்டவே வேண்டாம்பேன். உள்ள சென்சார் போர்டு, நாளைக்கு ஒரு வயர் கழண்டா பாக்ஸை உடைச்சா எடுப்பீங்க? கீழேயும் பக்கமும் எப்படியோ போகட்டும், மூடிக்கு மட்டும் டி ஷேப்ல ஸ்லாட் வெட்டி எம்3 நட்டை அதுல சொருகி வெளியில இருந்து போல்ட் போடுங்க. எம்3 நட்டு அகலம் 5.5, தடிமன் 2.4 எம்எம், போல்ட் ஓட்டை 3.2. ஸ்லாட்டோட உள்மூலையை கொஞ்சம் ரவுண்டு பண்ணிடுங்க, கூரான உள்மூலைதான் அக்ரிலிக்ல விரிசல் ஆரம்பிக்கற எடம். போல்ட்டை ரொம்ப முறுக்காதீங்க.

சென்சார்_பொட்டி:
இது சூப்பர் ஐடியாண்ணா, மூடியை மட்டும் மாத்தி வரைஞ்சுட்டேன், வியாழக்கிழமை ஸ்லாட் என் கார்டுலயே கிடைச்சாச்சு 😁 அந்த வெள்ளை ஷீட்டை டெக்னீஷியன்கிட்ட குடுத்துட்டேன், வெட்டாதேன்னு ஸ்டிக்கர் ஒட்டி தனியா வெச்சுட்டாரு.

புது_பேட்ச்:
இதே மாதிரி பாக்ஸ் நான் 4 எம்எம் ப்ளைவுட்ல பண்றேன், 0.08 ஆஃப்செட் அப்படியே போட்டுக்கலாமா?

கெர்ஃப்_பைத்தியம்:
போட்டுக்காதீங்க. மேல எழுதின பத்து துண்டு டெஸ்ட்டை உங்க ப்ளைவுட்லயே வெட்டுங்க, ஷீட்டோட நீளவாக்குல ஒண்ணு குறுக்குவாக்குல ஒண்ணு, தடிமனை நாலஞ்சு எடத்துல அளங்க, நம்பரோட வாங்க. எந்த பசையில ஒட்டின ப்ளைவுட்னும் கேட்டுட்டு வாங்க, வெளியில யூஸ் பண்றதுக்குன்னு வர ப்ளைவுட்ல பசை கெட்டியா இருக்கற எடத்துல லேசர் நின்னுடும், அதுக்கு செட்டிங்கை குறை சொல்லி புண்ணியம் இல்ல.