குறிப்புச் செயலியில் போட்டது திரும்பக் கிடைக்கிறதா? டெல்டாக்காரர்களின் அனுபவப் பகிர்வு

திருவையாறு

நம்மில் பலர் அப்சிடியன், லாக்சீக், ஜாப்ளின் என்று ஏதோ ஒன்றில் குறிப்பு சேர்த்து வருகிறோம். எந்தச் செயலி உசத்தி என்ற பேச்சு இங்கே வேண்டாம். எழுதி வைத்தது தேடும்போது வராமல் போவதற்குத் தமிழுக்கென்றே சில காரணங்கள் உண்டு. ஆங்கில வழிகாட்டிகளில் அவை இருக்காது. எங்கே தடுக்கிறது, ஏன், எப்படிச் சரிசெய்வது என்று கண்டதை எழுதுங்கள்.

மன்னார்குடி

நெல் குறிப்பு வைப்போருக்கு முதல் தடங்கல் ரகத்தின் பெயர்தான். ஆடுதுறை 36, ஏடிடி 36, ஏ.டி.டி.36 எல்லாம் ஒரே நெல். சி.ஆர். 1009-க்குப் பொன்மணி என்றும் பெயர். விதை ரசீதில் ஒன்று இருக்கும், வயலில் பேசும்போது வேறொன்று வரும். இரண்டு பெயரில் இரண்டு குறிப்பு உண்டாகிவிட்டால், புகையான் பூச்சி பற்றி ஒன்றில் எழுதியது மற்றதைத் திறக்கும்போது கண்ணில் படாது.

அப்சிடியனில் இதற்கு வழி இருக்கிறது. ரகத்துக்கு ஒரே ஒரு குறிப்பு போடுங்கள். அதன் தலைப்பகுதியில் உள்ள பண்புகளில் (பிராப்பர்டீஸ்) ‘அலையஸஸ்’, அதாவது மாற்றுப்பெயர்கள், என்பதைச் சேர்த்து, வழக்கில் உள்ள எல்லாப் பெயரையும் அங்கே எழுதுங்கள். பிறகு இரட்டைச் சதுர அடைப்புக்குறி போட்டு எந்தப் பெயரைத் தட்டினாலும் அதே குறிப்பைக் காட்டும்.

அடுத்தது வேற்றுமை உருபு. ‘மதகு’ என்று தேடினால் ‘மதகில்’, ‘மதகை’ வராது, ஏனென்றால் கடைசி உகரம் மாறிவிடுகிறது. ‘மதக’ என்று உகரக் குறியை விட்டுத் தேடுங்கள், எல்லாம் வரும். ‘வயல்’ என்பதற்குப் புள்ளியை விட்டு ‘வயல’. மகர ஈற்றுச் சொற்களுக்கு இது போதாது: குளம், குளத்தில். அப்சிடியன் தேடல் பெட்டியில் இரண்டு சாய்கோட்டுக்கு நடுவே /குள(ம்|த்)/ என்று கொடுத்தால் இரண்டும் கிடைக்கும். ஆறு, ஆற்றில் என்பதற்கு /ஆற(ு|்ற)/. ஆங்கிலத்தில் சொல் எல்லையைக் குறிக்கும் குறிகள் தமிழ் எழுத்தில் வேலை செய்யா, அவற்றை நம்ப வேண்டாம்.

ஒரு குறிப்பிலிருந்து இன்னொன்றுக்குப் போடும் இணைப்புக்கும் இதே கதிதான். வாக்கியத்தில் ‘மதகில்’ என்று வர வேண்டுமானால் [[மதகு|மதகில்]] என்று எழுதுங்கள். செங்குத்துக் கோட்டுக்கு இடப்புறம் குறிப்பின் பெயர், வலப்புறம் கண்ணுக்குத் தெரிவது. [[மதகில்]] என்றே எழுதினால் அது இல்லாத குறிப்புக்கு இணைப்பாகும், அதைத் தொட்டால் அந்தப் பெயரில் வெற்றுக் குறிப்பு ஒன்று முளைக்கும். பழைய குறிப்புக் களஞ்சியங்களைத் திறந்து பார்த்தால் இப்படி முளைத்தவைதான் அதிகம்.

ஒரு பட்டம் (சாகுபடிப் பருவம்), ஒரு வயல், ஒரு குறிப்பு என்பது நன்றாக வேலை செய்கிறது. ‘2025 குறுவை கீழவயல்’ போல. பண்புகளில் ரகம், நாற்று விட்ட நாள், நட்ட நாள், இடைவெளி, மேலுரம் இட்ட நாள், அறுப்பு, ஈரப்பதம், மூட்டை. எண்ணை எண்ணாக மட்டும் எழுதுங்கள். ‘45 மூட்டை’ என்று எழுதினால் செயலி அதை எழுத்துச் சரமாக எடுத்துக்கொள்ளும். வரிசைப்படுத்தும்போது 9 மூட்டை 45-க்குக் கீழே போய் நிற்கும். அளவைப் பண்பின் பெயரிலேயே வையுங்கள்: ‘மூட்டை 40 கிலோ’. 2025-இல் அப்சிடியனுக்குள்ளேயே வந்த ‘பேசஸ்’ வசதி இந்தப் பண்புகளை அட்டவணையாகக் காட்டும். கொள்முதல் நிலையத்தின் வழக்கமான 17 சதவீத ஈரப்பத வரம்பைத் தாண்டிய பட்டங்களை மட்டும் வடிகட்டிப் பார்த்தால், அறுப்பு எந்த வாரத்துக்குத் தள்ளிப்போனது என்பது அதே வரிசையில் தெரியும்.

சீர்காழி

புல எண்ணைக் குறிப்பின் பெயராக வைக்கப் போகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. 145/3பி என்பதில் உள்ள சாய்கோட்டைக் கோப்புப் பெயரில் வைக்க முடியாது, அது கோப்புறையைப் பிரிக்கும் குறி. 145-3பி என்று கோப்புப் பெயரும், சாய்கோட்டோடு கூடிய அசல் எண் பண்பிலுமாக வையுங்கள். பட்டாவில் உள்ளபடியே எழுதியிருந்தால்தான் பின்னால் ஒப்பிட முடியும்.

நில அளவும் அப்படித்தான். தஞ்சாவூர்க் கணக்கில் ஒரு குழி 144 சதுர அடி, 100 குழி ஒரு மா, 20 மா ஒரு வேலி. ஒரு மா ஏறத்தாழ 33 சென்ட். பெரியவர்கள் மா கணக்கில் சொன்னால் மா என்றே எழுதி, சென்ட்டை அடுத்த பண்பில் போடுங்கள். மாற்றிவிட்டு அசலை அழித்தால், பிழை வந்தபோது எந்த இடத்தில் வந்தது என்று பிடிக்க முடியாது.

கும்பகோணம்

கல்வெட்டு, தலபுராணம், பழைய அச்சுப் படிகள் சேர்ப்போருக்கு எழுத்துருதான் பெரிய தலைவலி. மூன்று வகைப் பிழை திரும்பத் திரும்ப வருகிறது.

பாமினி, வானவில் போன்ற பழைய எழுத்துருவில் தட்டிய வேர்டு கோப்பை அப்படியே ஒட்டினால் ஆங்கில எழுத்துக் குவியலாக விழும். என்எச்எம் கன்வர்ட்டர் போன்ற மாற்றியில் சரியான எழுத்துருவைத் தேர்ந்து மாற்ற வேண்டும். மாற்றிய பிறகு கட்டாயம் பார்க்க வேண்டியது ஔகாரம். பழைய எழுத்துருக்களில் ஔகாரத்தின் பின்பாதிக்கும் ளகரத்துக்கும் ஒரே வடிவம். அதனால் ‘கௌ’ என்பது ‘கெ’, ‘ள’ என்று இரண்டாகப் பிரிந்து ‘கெள’ ஆகிவிடும். திரையில் வேறுபாடு தெரியாது, தேடலில் தெரியும். கருப்புக் கவுனி பற்றிய குறிப்பில் கௌனி, கெளனி இரண்டும் கலந்து கிடப்பது இதனால்தான். துணைக்காலும் ரகரமும் மாறிக் கிடப்பது இதே இனம்.

இரண்டாவது இன்னும் நுட்பமானது. ‘கொ’ என்பதை யூனிகோடில் ஒகரக் குறி ஒன்றாகவும் சேமிக்கலாம், எகரக் குறி, துணைக்கால் என்று இரண்டாகவும் சேமிக்கலாம். இரண்டும் பார்வைக்கு ஒன்றே. எழுத்தை ஒன்றுபடுத்திப் பார்க்காத தேடல் கருவி ஒன்றைக் கண்டுபிடித்து மற்றதை விட்டுவிடும். உரைத்தொகுப்பானில் எகரக் குறியையும் துணைக்காலையும் சேர்த்துத் தேடி ஒகரக் குறியாக மாற்றுங்கள். ஓகாரத்துக்கும் அதேபோல. களஞ்சியம் முழுக்க இதை ஒருமுறை ஓட்டிவிடுவது நல்லது, ஓட்டுமுன் நகல் எடுத்துக்கொண்டு.

மூன்றாவது பிடிஎஃப். தமிழ் பிடிஎஃபிலிருந்து நகலெடுத்தால் பலவற்றில் கொம்பு எழுத்துக்கு முன்னால் போய் உட்காரும். கையால் திருத்துவது வீண் வேலை. பக்கத்தை 300 டிபிஐ படமாக்கி, டெசராக்ட் என்ற மென்பொருளில் தமிழைத் தேர்ந்து எழுத்துணர்வு (படத்தில் உள்ள எழுத்தைப் படிக்க வைப்பது) செய்தால் குறைந்த திருத்தத்தில் முடியும்.

இனி உள்ளடக்கம். ஒரு கல்வெட்டுக்கு ஒரு குறிப்பு. அச்சில் உள்ள பாடம் (மூல வாசகம்), அதன் பொருள், நம் ஊகம் மூன்றையும் தனித்தனித் தலைப்பில் வையுங்கள். மூன்றும் கலந்தால் சில வருடத்தில் ஊகமே பாடமாகத் தோன்றும். தென்னிந்தியக் கல்வெட்டுகள் இரண்டாம் தொகுதியில் தஞ்சைப் பெரிய கோயிலுடையவை இருக்கின்றன. தொகுதி, எண் இரண்டையும் பண்பில் போடுங்கள். ஆட்சியாண்டையும் கணக்கிட்ட ஆண்டையும் ஒன்றாகக் கலக்காதீர்கள். முதலாம் ராஜராஜனின் ஆட்சி 985-இல் தொடங்குவதால் 29-ஆம் யாண்டு 1013–14 ஆகும். கல்லில் உள்ளது 29 மட்டுமே. ‘ராஜகேசரி’ என்று மட்டும் இருந்தால் அதை ராஜராஜனுக்கு இணைக்கவே கூடாது. ராஜகேசரி, பரகேசரி பட்டங்களைச் சோழர்கள் மாறி மாறிச் சூடினார்கள். ‘அரசர் உறுதியில்லை’ என்று ஒரு குறிப்பு வைத்து அதோடு இணையுங்கள். பிறகு ஆதாரம் கிடைத்தால் அங்கிருந்து எடுத்துச் செல்லலாம்.

மா, காணி, முந்திரிகைப் பின்னக் குறிகள் 2019-இல் யூனிகோட் 12.0-இல் சேர்ந்தன. பல கைபேசி எழுத்துருக்களில் அவை கட்டமாகத்தான் தெரியும். சொல்லாகவே எழுதுங்கள்.

பாபநாசம்

கும்பகோணத்து ஐயா ஆண்டைப் பற்றிச் சொன்னதால் இதையும் சேர்க்கிறேன். வீட்டில் உள்ள பழைய சாகுபடி நோட்டுகளில் தமிழ் வருஷப் பெயர்தான் இருக்கும். அறுபது ஆண்டுக்கு ஒருமுறை அதே பெயர் திரும்பும்: குரோதி என்றால் 1964–65 ஆகவும் இருக்கலாம், 2024–25 ஆகவும் இருக்கலாம். தாள், மை, உடன் எழுதிய விலைவாசி இவற்றைக் கொண்டு முடிவு செய்து, முடிவுக்கான காரணத்தை ஒரு வரி எழுதுங்கள்.

வருஷம் சித்திரையில் பிறப்பதால் தை, மாசி, பங்குனி அடுத்த ஆங்கில ஆண்டில் விழும். மார்கழி இரண்டிலும் பாதி பாதி. குரோதி தை என்றால் 1965 ஜனவரியில் தொடங்கும், 1964 என்று போட்டால் சம்பா அறுப்பு நடவுக்கு முன்னால் வந்து நிற்கும். கோப்புப் பெயரை 1965-01 என்று ஆண்டு, மாதமாகத் தொடங்குங்கள். தமிழ் எழுத்துகளின் யூனிகோட் வரிசை நம் நெடுங்கணக்கு வரிசை அல்ல. நகரத்தை அடுத்து னகரமும், ரகரத்தை அடுத்து றகரமும் வரும். பெயர் வரிசையை நம்பினால் தேட வேண்டியிருக்கும்.

பட்டுக்கோட்டை

ஒத்திசைவு பற்றி. கணினியில் உள்ள குறிப்பு கைபேசிக்கு வராமல் நின்றால் முதலில் பெயரின் நீளத்தைப் பாருங்கள். ஆண்ட்ராய்டில் கோப்புப் பெயருக்கு 255 பைட்டுதான் இடம். தமிழ்க் குறியீடு ஒவ்வொன்றும் 3 பைட்டு; ‘கா’ என்பதே இரண்டு குறியீடு, 6 பைட்டு. ஆக ஏறத்தாழ 50 எழுத்தோடு முடிந்தது. விண்டோஸ் வேறு விதமாக எண்ணுவதால் அங்கே நீளப் பெயர் போகும், இங்கே நிற்கும். 40 எழுத்துக்குள் வையுங்கள்.

கருவிகளுக்கிடையே கோப்புகளை ஒத்திசைக்கும் சின்க்திங் வைத்திருந்தால் ஆண்ட்ராய்டில் அந்தச் செயலிக்குப் பேட்டரிக் கட்டுப்பாட்டை நீக்குங்கள், இல்லாவிட்டால் திரை அணைந்ததும் நின்றுவிடும். ஒரே குறிப்பை இரு கருவியிலும் ஒத்திசையுமுன் திருத்தினால் முரண் கோப்பு ஒன்று தனியாக விழும். அதை அழிக்குமுன் திறந்து ஒப்பிடுங்கள். அப்சிடியனின் அமைப்புக் கோப்புறையில் உள்ள ‘ஒர்க்ஸ்பேஸ்’ கோப்புகளை ஒத்திசைவிலிருந்து விலக்குங்கள். எந்தப் பலகம் திறந்திருக்கிறது என்பதை ஒவ்வொரு கருவியும் அதில் மாற்றி எழுதிக்கொண்டே இருக்கும், முரண் பெரும்பாலும் அங்கிருந்துதான்.

ஒத்திசைவு காப்புநகல் ஆகாது. ஒரு கருவியில் அழித்தது மற்றதிலும் அழியும். கோப்புப் பதிப்பு வைக்கும் வசதியை இயக்கி, அதற்கு மேல் மாதம் ஒருமுறை பென்டிரைவில் நகல் எடுங்கள். 2018 கஜா புயலுக்குப் பின் இந்தப் பக்கம் மின்சாரம் திரும்ப நாளானது. இணையத்தில் மட்டும் இருந்த குறிப்பு அப்போது கைக்கு வந்திருக்காது.

திருவையாறு

படங்கள் பற்றி யாரும் சொல்லவில்லையே? இலைநோய்ப் படங்கள் குவிந்து களஞ்சியம் கனத்துப் போகிறது.

மன்னார்குடி

நீளப் பக்கம் 1600 பிக்சலுக்குக் குறைத்துச் சேருங்கள், குலைநோயின் கண் வடிவப் புள்ளி அந்த அளவிலேயே தெளிவாகத் தெரியும். படம் போன்ற இணைப்புக் கோப்புகளுக்குத் தனிக் கோப்புறையை அமைப்பில் குறிப்பிட்டுவிடுங்கள். படத்துக்குள் இருப்பதைத் தேடல் படிக்காது. அதனால் படத்தின் கீழே ரகம், பயிர் வயது, எந்த இலை, முந்தைய நாள் பனியா மழையா என்று இரண்டு வரி வேண்டும். இலைக்குப் பக்கத்தில் ஸ்கேல் வைத்து எடுத்தால் புள்ளியின் அளவும் பதிவாகும். படப் பெயரை மாற்றுவதானால் செயலிக்குள்ளிருந்தே மாற்றுங்கள். கோப்பு மேலாளரில் மாற்றினால் இணைப்பு அறுந்துவிடும்.