இறந்த அப்பாவின் பணிக்கொடையில் பிடித்தம் என்கிறார்கள். கோர்ட்டுக்குப் போவதா?

ஊத்தங்கரை மகள்:
வணக்கம். அப்பா ஒரு அரசுத் துறையில் அலுவலக உதவியாளர். 1996-இல் சேர்ந்தார், 2022-இல் பணியில் இருக்கும்போதே தவறிவிட்டார். அம்மாவுக்குக் குடும்ப ஓய்வூதியம் வருகிறது, ஜிபிஎஃப் (வருங்கால வைப்பு நிதி) பணமும் வந்துவிட்டது. பணிக்கொடையும் (கிராஜுவிட்டி) ஈட்டிய விடுப்புச் சம்பளமும்தான் பாக்கி.

2001-இல் சம்பள நிர்ணயம் தவறாம். ரூ.1.84 லட்சம் கூடுதலாக வாங்கிவிட்டாராம், அதைப் பிடித்துக்கொண்டுதான் மீதியாம். கணக்கைக் காட்டுங்கள் என்றால், அப்போது ஊத்தங்கரை தருமபுரி மாவட்டம், கோப்பு அங்கே இருக்கும் என்கிறார்கள். தருமபுரியில் கேட்டால், மாவட்டம் பிரிந்தபோதே கிருஷ்ணகிரிக்கு அனுப்பியாயிற்று என்கிறார்கள். மூன்று வருடத்தில் பஸ் டிக்கெட்தான் சேர்ந்தது.

கிருஷ்ணகிரி கோர்ட்டில் சக்சஷன் சர்டிபிகேட் (கோர்ட் தரும் வாரிசுரிமைச் சான்று) வாங்கச் சொல்கிறார் ஒரு வக்கீல். வாரிசுச் சான்றில் அம்மா, நான், தம்பி, அப்பாவைப் பெற்ற பாட்டி இருக்கிறோம். எங்களுக்குள் சண்டை இல்லை.

ஓய்வுபெற்ற கண்காணிப்பாளர், தருமபுரி:
பணம் யாருக்குச் சேரும் என்ற தகராறு வந்தால்தான் சக்சஷன் எல்லாம், அம்மா. உங்கள் ஆபீஸ் அதைக் கேட்கவே இல்லையே. தாசில்தார் கொடுத்த சான்று இருக்கிறது; பாட்டியிடம் ஓர் ஆட்சேபணையின்மைக் கடிதம் மட்டும் வாங்கி வையுங்கள்.

கோப்பு கதையை நம்பாதீர்கள். மாவட்டம் பிரிந்தது 2004 பிப்ரவரியில். பணிப்பதிவேடு ஆளோடு போகும், மாவட்டத்தோடு நிற்காது. அப்பா கடைசியாக வேலை பார்த்த ஆபீஸில்தான் இருக்க வேண்டும். தகவல் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி, பணிப்பதிவேடு, தணிக்கைத் தடை (கணக்குத் தணிக்கையில் எழுப்பிய ஆட்சேபணை), பணத்தைப் பிடித்த உத்தரவு, பணிக்கொடை நியமனப் (நாமினி) படிவம் ஆகியவற்றின் நகல்களைக் கேளுங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும். அதற்குள் அம்மா பெயரில் ஒரு மனுவைப் பதிவு, ஒப்புகை வசதியோடு ஸ்பீட் போஸ்டில் அனுப்பிவிடுங்கள். வாயால் கேட்டதற்குக் கோர்ட்டில் மதிப்பில்லை.

ஹைகோர்ட் ஜூனியர்:
ஐயா சொன்ன காகிதங்களோடு வாங்க. அரசு அலுவலகத்தின் செயலை எதிர்த்து ஹைகோர்ட்டில் நேராகப் போடும் ரிட் மனுதான் வழி. கிருஷ்ணகிரி, தருமபுரி இரண்டுமே சென்னை அமர்வுக்குள் வரும், மதுரைக்கு அலைய வேண்டாம்.

உங்கள் பக்கம் வலுவான தீர்ப்பு ஒன்று உண்டு. 2014 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் சொன்ன ரஃபீக் மாசி வழக்கு. கடைநிலை ஊழியரிடமிருந்து பிடிக்கக் கூடாது, ஐந்து வருடத்துக்கு மேல் கொடுத்துவந்த கூடுதல் தொகையையும் பிடிக்கக் கூடாது என்றது. உங்கள் அப்பாவுக்கு இரண்டும் பொருந்தும். ஒன்று மட்டும் பாருங்கள்: கூடுதலாக வந்திருந்தால் திருப்பித் தருகிறேன் என்று உறுதிமொழி எழுதிக் கொடுத்திருக்கிறாரா? 2016-இல் ஜக்தேவ் சிங் வழக்கில் அதை வைத்தே எதிராகத் தீர்ப்பு வந்தது. அவர் நீதித்துறை அதிகாரி என்பதால் வேறுபடுத்தி வாதிடலாம், ஆனாலும் முன்னாடியே தெரிந்தால் நல்லது.

அப்புறம், மனுவைப் பரிசீலிக்க உத்தரவிடுங்கள் என்று மட்டும் கேட்டு வைக்காதீர்கள். பரிசீலித்தோம், நிராகரித்தோம் என்று ஒரு தாள் வரும், மறுபடி முதலிலிருந்து தொடங்கணும். பிடித்த உத்தரவையே ரத்து செய்யக் கேளுங்கள், வட்டியும் கேளுங்கள்.

ஃபீஸ் கவலை என்றால் மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்கு அம்மா போகட்டும். பெண்களுக்கு வருமான வரம்பு இல்லை. சட்ட உதவி எண் 15100-க்குக் கூப்பிட்டும் கேட்கலாம்.

பாலக்கோட்டுக்காரன்:
எங்கள் மாமா கேஸில் 12 வாரம் டைம் கொடுத்து உத்தரவு வந்தது. ஆறு மாதம் ஆகியும் அசையவில்லை. அவமதிப்பு வழக்கு போடுவோம் என்று வக்கீல் நோட்டீஸ் போன பிறகுதான் பணம் கொடுப்பதற்கான பட்டியல் தயாரானது. அந்த வழக்குக்கு ஒரு வருடம்தான் கெடு அக்கா, தேதியைக் குறித்து வையுங்கள்.

ஊத்தங்கரை மகள்:
எல்லோருக்கும் நன்றி. தகவல் உரிமை பதில் வந்துவிட்டது. பணிப்பதிவேடு கிருஷ்ணகிரியிலேயே, அதே அறை பீரோவில் இருந்திருக்கிறது! உறுதிமொழி எதுவும் இல்லை. தணிக்கைத் தடை அப்பா இறந்து இரண்டு மாதம் கழித்துப் போட்டது. பிடித்த உத்தரவு என்று தனியாக ஒன்றுமே கிடையாதாம்.

ஹைகோர்ட் ஜூனியர்:
இறந்தவருக்கு நோட்டீஸ் கொடுத்திருக்க முடியாது, அம்மாவுக்கும் கொடுக்கவில்லை. அதுவே பெரிய பாயிண்ட். உத்தரவு இல்லாததால் அந்தத் தணிக்கைத் தடையையே எதிர்த்துப் போடுங்கள். சென்னையில் உள்ள மாநிலக் கணக்காயரையும் (அக்கவுண்டன்ட் ஜெனரல்) எதிர்மனுதாரராகச் சேர்க்கச் சொல்லுங்கள். பணிக்கொடைக்கு ஒப்புதல் அங்கிருந்துதான் வர வேண்டும். விட்டுவிட்டால் ஆபீஸ் அவர்களைக் கைகாட்டும்.

ஊத்தங்கரை மகள்:
சரிங்க அண்ணா. திங்கட்கிழமை அம்மாவைக் கூட்டிக்கொண்டு சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குப் போகிறேன்.