கிணத்தடி நத்தை (எங்க வீட்டு வாட்ஸ்அப் குழுவில் இன்னிக்குக் காலைல)

அக்கா: [படம்] ராத்திரி மழைக்கு கிணத்தடி சுவத்துல நத்தை. விடிஞ்சதுல இருந்து ஒரு சாண்தான் ஏறியிருக்கு.

பெரியப்பா: பாத்ததும் இஸ்ஸா ஞாபகம் வந்துட்டாரும்மா. "நத்தையே, மெல்ல மெல்ல ஏறு, ஃபூஜி மலை"ன்னு எழுதின ஜப்பான் கவிஞர்.

தம்பி: "ஈயை அடிக்காதே, கையைத் தேய்க்குது, காலைத் தேய்க்குது"ன்னு எழுதினதும் அவர்தானே?

பெரியப்பா: அவரேதான். 1763ல காஷிவபாராங்கற பனி கொட்டுற மலைக் கிராமத்துல, விவசாயி வீட்ல பொறந்தவர். நினைவு தெரியுறதுக்குள்ள தாய் போயாச்சு. மாத்தாந்தாய்க்கும் பையனுக்கும் ஒத்து வரல. 15 வயசு வாக்குல எடோவுக்கு அனுப்பிட்டாங்க, இப்போ டோக்கியோ.

அத்தை: அய்யோ, தாயில்லாப் புள்ளைய.

பெரியப்பா: "தாயில்லாக் குருவியே, வந்து என்னோட விளையாடு"ன்னு எழுதியிருக்காரும்மா. 1801ல அப்பா போனதும் தம்பியோட பங்குத் தகராறு. 1813லதான் தீந்துச்சு, வீட்டையே ரெண்டாப் பிரிச்சாங்க. அப்புறம்தான் கல்யாணம், 50 தாண்டி.

அக்கா: குழந்தைங்க?

பெரியப்பா: மூத்தது ஒரு மாசம்கூட இருக்கல. அடுத்து சாத்தோ, பொண்ணு. அவளைப் பத்தி அவர் எழுதினதைப் படிக்கணும். காத்தாடி வாங்கிக் குடுத்தா சப்பிட்டுத் தூக்கிப் போடுவாளாம். அப்புறம் கதவுல ஒட்டின தாளை டர்ருனு கிழிப்பாளாம். இவங்க திட்டாம "சமத்து, சமத்து"ன்னதும் சிரிச்சுக்கிட்டே இன்னும் கிழிப்பாளாம். 1819ல வைசூரி கொண்டு போயிடுச்சு. ஒரு வயசுதான்.

அத்தை: 😢

பெரியப்பா: அப்ப எழுதினது இது:
"பனித்துளி உலகம்
பனித்துளி உலகம்தான்
ஆனாலும், ஆனாலும்"
பௌத்தத்துல ஊறினவர், நிலையில்லாமை அவருக்குத் தெரியாததா? தெரிஞ்சும் மனசு கேக்கல. அந்த ரெண்டாவது "ஆனாலும்"ல எனக்குத் தொண்டை அடைச்சிடும்.

தம்பி: அப்புறம்?

பெரியப்பா: இன்னும் ரெண்டு பையன்கள், ரெண்டும் தங்கல. 1823ல பொண்டாட்டியும் போயிட்டா. அப்புறம் இன்னும் ரெண்டு கல்யாணம். 1827ல ஊரே தீப்பிடிச்சு வீடு போச்சு. மண் சுவர் வச்ச கிடங்கு மட்டும் மிஞ்சுச்சு. அதுக்குள்ளதான் இருந்தார், 1828 ஜனவரில அங்கேயே போயிட்டார். அந்தக் கிடங்கை இன்னிக்கும் காப்பாத்தி வச்சிருக்காங்க. அப்போ மூணாவது மனைவி வயித்துல ஒரு பொண்ணு. அதுதான் பொழைச்சு வளந்துச்சு. அவர் அந்த முகத்தைப் பாக்கவே இல்ல.

அத்தை: அந்தப் புள்ள பேரு என்னங்கண்ணே?

பெரியப்பா: யத்தா.

அத்தை: யாத்தான்னே வாயில வருதுண்ணே.